மக்கள்தொகை 16, அதற்கு ஒரு மேயரா?

எட்மண்டன்வாசி:
போன சனிக்கிழமை வாபமன் ஏரிப் பக்கம் போயிருந்தோம், கனடாவில் எட்மண்டனுக்கு மேற்கே ஒரு மணி நேரத்துக்குள் வந்துவிடும். பெட்டுலா பீச் என்று ஒரு சின்ன ஊர். வாசலுக்கு வாசல் இரண்டு கார், தண்ணீரில் படகு, எங்கே பார்த்தாலும் கறி சுடும் வாசனை. திரும்பி வந்து தேடினால் 2016 கணக்கெடுப்பில் மக்கள்தொகை 16 என்று போட்டிருக்கிறது! பக்கத்து பாயின்ட் அலிசனுக்கு வெறும் 10. இதற்குத் தனியாக கவுன்சில், மேயர், வரி. மதுரையில் எங்கள் காம்பவுண்டிலேயே இதைவிட அதிகம் பேர் இருந்தோம். எண்ணியவர்கள் சொதப்பிவிட்டார்களா?

கணக்குப்பிள்ளை:
சொதப்பல் இல்லை சகோ. கனடாவில் கணக்கெடுப்பு மே மாதம், 2016-இல் மே 10. அதுவும் அன்றைக்கு நீங்கள் எங்கே இருந்தீர்கள் என்று பார்ப்பதில்லை, வழக்கமாகக் குடியிருக்கும் வீடு எது என்றுதான் கேட்பார்கள். காட்டேஜ், அதாவது கோடைக்கு வந்து தங்கும் வீடு, வைத்திருப்பவர் எட்மண்டன் கணக்கில் சேர்ந்துவிடுவார். ஆக அந்த 16 பேர் வருஷம் முழுக்க அங்கேயே கிடப்பவர்கள். அதே ஏரியில் சீபா பீச்சுக்கு 169.

ஏரிக்கரையான்:
இவை நம் ஆல்பர்ட்டா மாகாணச் சட்டத்தில் 'சம்மர் வில்லேஜ்' (கோடைக்கால கிராமம்) என்றே தனி வகை, மொத்தம் 51 இருந்தன, பிஜன் ஏரியைச் சுற்றி மட்டும் 10. நிலம் யார் பேரில் இருக்கிறதோ அவருக்கும் துணைக்கும் ஓட்டு உண்டு, குடியிருக்க வேண்டியதில்லை. மற்ற ஊர்களுக்கு அக்டோபரில் தேர்தல் என்றால் இவர்களுக்குக் கோடையிலேயே, ஏனென்றால் அக்டோபரில் ஓட்டுப் போட ஆள் எங்கே இருக்கிறது? கவுன்சிலுக்குப் பெரும்பாலும் மூன்று பேர், அவர்களுக்குள்ளேயே ஒருவரை மேயராக்கிக்கொள்வார்கள்.

குளிர்தாங்கி:
நான் பிளம்பிங் வேலைக்காக இந்த ஊர்களுக்கு இலையுதிர் காலத்தில் போவேன். அப்போது பார்க்க வேண்டும் நீங்கள். தண்ணீரை அடைத்து, குழாயெல்லாம் திறந்துவிட்டு வடித்து, கழிப்பறையிலும் தொட்டியிலும் ரோஸ் கலர் ஆண்டிஃபிரீஸ் (உறையாமல் காக்கும் திரவம்) ஊற்றிவிட்டு வருவோம், இல்லாவிட்டால் ஜனவரியில் குழாய் வெடித்துவிடும். ஏரி உறையும் முன்பு படகுத்துறையைக் கழற்றிக் கரையில் இழுத்துப் போடுவார்கள். அப்புறம் பனியில் ஒரு வண்டித்தடம்கூட இருக்காது, ஒன்றிரண்டு வீட்டில் மட்டும் விளக்கு எரியும். அந்த 16 அப்போதுதான் கண்ணுக்குத் தெரியும்.

நேர்பேச்சு:
எல்லாம் சரி, இத்தனை குட்டி ஊருக்குத் தனி நிர்வாகம் வீண் செலவு என்பதுதான் என் கருத்து. இதே ஏரிக்கரையில் இருக்கும் வாபமன் கிராமமே 2021 ஜனவரி 1-ஆம் தேதி சுற்றுவட்டார நிர்வாகமான பார்க்லேண்ட் கவுன்ட்டியோடு சேர்ந்துவிட்டது, அங்கே நூற்றுக்கணக்கில் ஆட்கள் நிரந்தரமாக இருந்தும். இவர்களும் சேர வேண்டியதுதானே.

ஏரிக்கரையான்:
செலவு பெரிதாக இல்லை, நாலைந்து ஊர் சேர்ந்து ஒரே நிர்வாக அலுவலரை வைத்துக்கொள்வதும் உண்டு. அப்புறம் 2005 ஆகஸ்டில் சரக்கு ரயில் தடம்புரண்டு இந்த ஏரியில் எண்ணெய் கொட்டியதே, கரையெல்லாம் தார் மாதிரி கறுப்பு. சரியாகக் காட்டேஜ்காரர்கள் நிறைந்திருக்கும் மாதம். வெறும் 16 என்ற கணக்கில் அவர்கள் வருவார்களா?

எட்மண்டன்வாசி:
நன்றி எல்லோருக்கும். குளிர்தாங்கி அண்ணே, பிப்ரவரியில் ஒரு தடவை போய்ப் பார்க்கலாம் என்றிருக்கிறேன். ரோட்டில் பனி தள்ளுவார்களா?

குளிர்தாங்கி:
தள்ளுவார்கள், ஆனால் காலையிலேயே எதிர்பார்க்காதீர்கள். மண்வெட்டி ஒன்று வண்டியில் இருக்கட்டும்.