ஃபின்லேசன் கிரீன் முனையில் கிரீடம் வைத்த கட்டடம்

பொங்கோல் பொண்ணு:
சிங்கப்பூர் ராஃபிள்ஸ் பிளேசில் வேலைக்குச் சேர்ந்து மூன்று மாதம் ஆகிறது. ஃபின்லேசன் கிரீன் முனையில், உச்சியில் கிரீடம் மாதிரி ஒன்றை வைத்துக்கொண்டு ஒரு பழைய கட்டடம் நிற்கிறதே, அது முன்பு என்னவாக இருந்தது? சுற்றிலும் எல்லாம் கண்ணாடிக் கோபுரமாகிவிட்ட பிறகும் அதை ஏன் இடிக்கவில்லை?

பழைய கிராணி:
தங்கச்சி, அது ஏஷியா இன்சூரன்ஸ் கட்டடம். 1955இல் திறந்தார்கள், 18 மாடி. அப்போது தென்கிழக்காசியாவிலேயே அதுதான் உயரம் என்று ஊரெல்லாம் பேச்சு. என் அப்பா மார்க்கெட் ஸ்ட்ரீட்டில், செட்டியார்கள் வட்டித்தொழில் செய்த கிட்டங்கி ஒன்றில் கணக்கு எழுதியவர். அது எழும்பிய நாட்களில், சாப்பிட்டுவிட்டு நடந்துபோய் இன்றைக்கு எத்தனை மாடி ஆகியிருக்கிறது என்று எண்ணிவிட்டு வருவாராம்.

வரைந்தவர் இங் கெங் சியாங், நம் ஊர்ச் சீனர். பெரிய கட்டடம் என்றாலே வெள்ளைக்காரக் கம்பெனியைத் தேடிப்போன காலம் அது. எனக்கு அதன்மேல் தனிப் பிரியம் வந்ததற்கு அதுவே காரணம்.

1972இல் பக்கத்து ஆபீஸ் ஒன்றில் நான் சின்னக் கிராணி, அதாவது குமாஸ்தா. மூன்று மணி வெயில் நேராக மேசையில் விழும், கடுதாசியெல்லாம் சூடாகிவிடும். இங் வரைந்த கட்டடத்தைப் பாருங்கள்: சன்னல் வரிசைக்கு மேலே, மாடிக்கு மாடி குறுக்கே நீட்டிய விளிம்பு. வெயிலும் சாரலும் அதிலேயே நின்றுவிடும். இந்த ஊர் வானம் தெரிந்தவர் போட்ட கோடு அது. கடிதம் கொடுக்க மேலே போனால் கடலில் நிற்கும் கப்பல்களைப் பார்த்துவிட்டுத்தான் இறங்குவேன்.

கிரீடம் 1953இல் எலிசபெத் அரசியார் முடிசூடியதன் நினைவாக வைத்தது என்பார்கள்.

தேக்கா தம்பி:
அண்ணே, கேத்தே கட்டடம் அதற்கும் முந்தியது இல்லையா? 1939, ஃபிராங்க் புரூவர் வரைந்தது.

பழைய கிராணி:
சரிதான் தம்பி. இங்கே முதல் வானளாவி என்றால் கேத்தேதான். ஆனால் அது டோபி காட்டில், சினிமாக் கொட்டகையும் வீடுகளும் சேர்ந்தது. வியாபாரப் பேட்டைக்குள் ஆபீசுக்காகவே அவ்வளவு உயரம் போனது இதுதான்.

தங்கச்சி கேட்ட இன்னொன்று: 2006இல் கை மாறியது, 2007இல் அரசாங்கம் பாதுகாக்கப்பட்ட கட்டடமாக அறிவித்தது, 2008இல் சர்வீஸ் அபார்ட்மென்ட் ஆனது. கிட்டங்கிகளுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை, எழுபதுகளிலேயே போய்விட்டன. அப்பா உட்கார்ந்து எழுதிய இடம் எது என்று என்னால் இப்போது காட்ட முடியாது. அவர் எண்ணிய மாடிகளைக் காட்ட முடிகிறது.

பொங்கோல் பொண்ணு:
ஐயா, இன்று மதியம் எதிர்ப்பக்கம் நின்று பார்த்தேன். குறுக்குக் கோடுகள் ஓடிவந்து மூலையில் நின்றுவிடுகின்றன, அங்கிருந்து நெடுக்குக் கோடுகள் கிரீடம் வரை ஏறுகின்றன. அப்புறம் நானும் எண்ணினேன். பன்னிரண்டில் பச்சை விளக்கு விழுந்துவிட்டது, நாளைக்கு மறுபடி போகிறேன்.