'டம்பிள்வீட்ஸ்' (1925): யாருடைய இழப்புக்கு உருகுகிறது?

பழைய_ரீல்:
மௌனப்பட வெஸ்டர்ன்களில் என் முதலிடம் 'டம்பிள்வீட்ஸ்'தான். நடிகர் வில்லியம் எஸ். ஹார்ட்டின் கடைசிப் படம். 1893 செப்டம்பர் 16 அன்று அமெரிக்காவின் ஓக்லஹோமாவில், செரோக்கி ஸ்ட்ரிப் என்ற நிலப்பரப்பில் நடந்த நில ஓட்டம்தான் கதைக்களம். நண்பகலில் வெடிச்சத்தம் கேட்டதும் குதிரையும் கூண்டு வண்டியுமாகக் கூட்டம் பாயும். முதலில் போய் முளை அடிப்பவருக்கு 160 ஏக்கர். அந்த ஓட்டத்தை இவ்வளவு வேகத்தோடு வேறு யாரும் எடுத்ததில்லை என்பேன்.

கரிசல்காரன்:
காட்சி பிரமாதம், அதில் எனக்கு மாற்றுக்கருத்தே இல்லை. ஆனால் மேய்ச்சல் நிலம் போகிறதே என்று கௌபாய்களுக்காகப் படம் உருகுகிறது பாருங்கள், அதுதான் உறுத்துகிறது. அவர்களின் முதலாளிகளே அங்கே குத்தகைக்காரர்கள்தான்! 1883இல் பண்ணையார் சங்கம் செரோக்கி பழங்குடி மக்களுக்கு ஆண்டுக்கு 1 லட்சம் டாலர் என்று பேசி எடுத்த நிலம் அது. 1890இல் அதிபர் ஹாரிசன் மேய்ச்சலைத் தடை செய்தார். குத்தகைப் பணம் நின்றது. அப்புறம் செரோக்கிகள் அரசுக்கு விற்காமல் என்ன செய்வார்கள்? 60 லட்சம் ஏக்கருக்கும் மேல், 85 லட்சம் டாலர் சொச்சத்துக்குப் போனது. அந்த இழப்புக்கு இந்த உருக்கத்தில் இடமில்லை.

பழைய_ரீல்:
குடியேற்றத்தைக் கொண்டாடும் படமும் இல்லையே சார். முன்கூட்டியே களவாக நுழைந்து நல்ல இடத்தை வளைத்த 'சூனர்'கள்தான் வில்லன்கள். அந்தப் பழியை ஹீரோ மீதே போட்டு அடைத்து வைக்கிறார்கள். ஓட்டம் தொடங்குமுன்பே அதில் கள்ளம் புகுந்துவிட்டது என்று 1925லேயே படம் காட்டியிருக்கிறது.

கரிசல்காரன்:
ஹீரோ மட்டும் யோக்கியமா? அவன் குறிவைப்பது தண்ணீரைக் கையில் வைத்திருக்கும் பாக்ஸ் கே பண்ணையை. அந்த வட்டாரத்திலேயே மாடு மேய்த்தவன், எது நல்ல இடம் என்று தெரியாதா?

மேட்டுத்தெரு:
ஓடினவர்களையும் கொஞ்சம் நினையுங்கப்பா. 1 லட்சத்துக்கும் மேல் ஆட்கள், நிலத்துண்டுகளோ சுமார் 42,000. பாதிப்பேருக்கு மேல் வெறுங்கை. அமெரிக்காவில் வங்கிகள் வரிசையாக மூடிய வருஷம் வேறு. வேலை போனவன் ஓடத்தான் செய்வான். பேராசை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

கரிசல்காரன்:
அவர்கள்மேல் எனக்கும் கோபமில்லை. என் வழக்கு படத்தோடுதான்.

பழைய_ரீல்:
வழக்கு நடக்கட்டும். புதிதாகப் பார்க்கிறவர்களுக்கு ஒன்று: 1939 மறுவெளியீட்டுக்காக ஹார்ட் தானே தோன்றி ஒரு முன்னுரை பேசினார். மௌனப்பட நடிகரின் குரல்! அதைத் தள்ளிவிட்டு நேராகப் படத்துக்குப் போய்விடாதீர்கள்.