புதுத் தகரத்துக்கு என்ன பிரைமர் அடிப்பது?

ஹட்டன் பக்கம் வீடு, குசினிக் கூரையில் பாதி துருப்பிடித்த பழைய தகரம், மீதி புதிதாகப் போட்ட நாகம் (துத்தநாகம்) பூசிய தகரம். பழையதை வயர் பிரஷ்ஷால் சுரண்டி, சாண்ட் பேப்பர் போட்டு, ரெட் ஒக்சைட் பிரைமர் அடித்தால் சரி, அதில் குழப்பமில்லை. புதுசுதான் பிரச்சினை. ஹாட்வெயார் கடையில் நேராக எனாமல் அடிக்கச் சொல்கிறார்கள், ஆனால் எண்ணெய் பெயின்ட் நாகத்தோடு சேர்ந்து அடியில் சவர்க்காரம் மாதிரிப் படலமாகி, அப்புறம் தோல் தோலாக உரியுமே! எண்ணெய்ப் பசை போகக் கழுவிவிட்டு எட்ச் பிரைமர் (உலோகத்தை லேசாக அரித்துப் பிடித்துக்கொள்ளும் பிரைமர்) அடிக்கலாமா, இல்லை தண்ணீரில் கலக்கும் அக்ரிலிக் பிரைமரே போதுமா? இங்கே காலையில் பனி, மத்தியானத்துக்கு மேல் மூடுபனி, ஈரத் தகரத்தில் எதுவும் ஒட்டாது. மலைநாட்டில் அடித்த அண்ணாமார் யாராவது இருந்தால், எந்த மாதத்தில் அடித்தீர்கள், ஒரு கோட்டுக்கும் அடுத்ததுக்கும் எவ்வளவு நேரம் விட்டீர்கள் என்று சொல்லுங்கள். தலவாக்கலை, நுவரெலியா பக்கம் எட்ச் பிரைமர் சின்ன டின்னில் கிடைக்குமா?