'செய்யூ'வுக்குத் தமிழ்ச்சொல் வேண்டும் (வெள்ளிக்குள்)

குழுவினருக்கு வணக்கம்.

ஜப்பானில் அசைபடங்களுக்குக் குரல் கொடுக்கும் கலைஞரைச் 'செய்யூ' என்பார்கள். அப்படி ஒருவரான ஹயாஷிபாரா மெகுமி பற்றிய கட்டுரையை மொழிபெயர்க்கிறேன்; வெள்ளியன்று அச்சுக்குப் போகிறது. 1967இல் தோக்கியோவில் பிறந்தவர். செவிலியர் படிப்பையும் குரல் பயிற்சியையும் சேர்ந்தே முடித்தவர். எவாஞ்செலியன் (1995) என்ற அசைபடத் தொடரில் ரெய் என்ற பெண்ணுக்குக் குரல் அவர்தான். அதே தொடரில் பென்பென் என்ற பென்குயினும் அவர்தான். 'டப்பிங் கலைஞர்' என்று எழுத மனம் வரவில்லை. டப்பிங்கில் திரையில் வாயசைக்க வேறொருவர் இருப்பார். ரெய்க்கு வேறு யார் இருக்கிறார்கள்? பதிவின்போது எதிரே ஓடுவது பல நேரம் பாதி வரைந்த கோட்டுப்படம். 'பின்னணிக் குரல்' என்றாலும் சிக்கல். இவர் பாடவும் செய்கிறார், பின்னணிப் பாடகி என்று நினைத்துவிடுவார்கள். என்ன எழுதலாம்?

-----

அம்மா, குரல் + நடிகை = குரனடிகை. நன்னூல் வழி இதுதான்.

'குரல்' ஆழமான சொல். ஏழிசையில் முதலாவது குரல். தினைக்கதிருக்கும் குரல் என்றே பெயர். புனம் காக்கும் பெண் கிளியை விரட்டக் கூவுவதும் குரல், அவள் காப்பதும் குரல்! இரண்டும் ஒரே வேரா என்று பத்து ஆண்டாகத் தேடிக்கொண்டிருக்கிறேன். அது தனி மடல்.

இன்னும் நல்ல சொல் வேண்டுமென்றால் 'குரல்விறலி'. விறல்பட, அதாவது உள்ளத்து உணர்வு மெய்ப்பாடாக வெளிப்பட, ஆடுபவள் விறலி. இவர் குரலால் ஆடுகிறார்.

-----

ஐயா, நான் எட்டாம் வகுப்புக்குப் பாடம் எடுக்கிறேன். குரனடிகையை என் பிள்ளைகள் பிரித்துப் படிக்க மாட்டார்கள். இடம் விட்டு 'குரல் நடிகர்' என்று எழுதினால் போதும். ஜப்பானியச் சொல்லும் அப்படித்தான்: 'செய்' குரல், 'யூ' என்பது நடிகரைக் குறிக்கும் 'ஹாய்யூ'வின் பின்பாதி. ஆண்பால் பெண்பால் காட்டாது. ரன்மா (1989) அசைபடத் தொடரைப் பாருங்கள். குளிர்ந்த நீர் பட்டால் பையன் பெண்ணாகிவிடுவான். பெண்ணுக்கு மெகுமி, பையனுக்கு யமகுச்சி கப்பேய். இருவரும் செய்யூதான்.

விறலிக்கும் ஒரு தடை. ரெய் பேச்சில் ஏற்ற இறக்கமே இருக்காது. மெய்ப்பாடு எங்கே வருகிறது?

-----

அடக்குவதும் விறல்தான், அம்மா. போக்கிமோன் தொடரில் முசாஷி என்ற பாத்திரமாகத் தொண்டை கிழியக் கத்தும் அதே ஆள், ரெய்க்கு வந்தால் ஒரு சொல்லை மூச்சளவில் வைத்து நிறுத்துகிறார். கத்தத் தெரிந்தவர் நிறுத்தும்போதுதான் அது நடிப்பு.

-----

அனைவருக்கும் நன்றி. நேரமில்லை. நால்வர் 'குரல் நடிகர்' என்கிறார்கள், ஒருவர் 'குரல்விறலி'. பொதுச்சொல்லாகக் குரல் நடிகர், மெகுமியைச் சொல்லும் இடங்களில் குரல் நடிகை என்று அனுப்பிவிட்டேன். கணினி விளையாட்டுக்கு எழுத்துப்படியை மட்டும் வைத்துக்கொண்டு தனியறையில் வரிவரியாகப் பேசுகிறார்களே, அதற்கும் சொல் வேண்டும். இப்போதைக்கு 'தனிப்பதிவு' என்று போட்டிருக்கிறேன்.

-----

'தனிப்பதிவு' சரி. விறலியை நான் விடுவதாக இல்லை. தினைக்குரல் மடல் நாளை வரும்.