டவுட் என்று எழுதினேன், கோபப்பட்டுவிட்டார்கள்

மாங்கூழ் ஆபீஸ்:
கிருஷ்ணகிரி பக்கம் ஒரு மாங்கூழ் கம்பெனியில் ஏற்றுமதி வேலை பார்க்கிறேன், படித்தது தமிழ் மீடியம். 215 கிலோ டிரம்மில் அனுப்பிய பெங்களூரா ரக மாங்கூழுக்கு இங்கிலாந்து பார்ட்டியிடமிருந்து லேப் ரிப்போர்ட் வந்தது. இங்கே 14.2 காட்டிய பிரிக்ஸ், அதாவது கூழின் சர்க்கரை அளவு, அங்கே 13.8. எத்தனை டிகிரி சூட்டில் வைத்து அளந்தார்கள் என்று கேட்பதற்காக, ‘ஐ ஹேவ் எ டவுட் அபவுட் யுவர் லேப் ரிப்போர்ட்’ என்று ஆரம்பித்து மெயில் போட்டேன். எங்கள் லேபில் உங்களுக்கு எது நம்பிக்கையில்லை என்று விறைப்பாகப் பதில் வந்துவிட்டது. இலக்கணம் சரியாகத்தானே இருக்கிறது? போன மாதம் வேறொரு அமெரிக்கக்காரர் நம் தோப்பு போட்டோவைப் பார்த்து ‘தட்ஸ் சிக்’ என்றார், மரத்துக்கு நோய் என்கிறாரோ என்று பதறிவிட்டேன். வேறு எந்தெந்த வார்த்தையில் இப்படி மாட்டுவோம், தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

தருமபுரி டீச்சர்:
தம்பி, இலக்கணத்தில் தப்பே இல்லை. நாம் தமிழில் ‘சந்தேகம் கேட்கிறேன்’ என்றும் சொல்வோம், ‘அவன்மேல் சந்தேகம்’ என்றும் சொல்வோம், இரண்டுக்கும் ஒரே சொல். வகுப்பில் ‘எனி டவுட்ஸ்?’ என்று கேட்டே வளர்த்துவிட்டோம், நானும் 30 வருடம் அப்படித்தான் கேட்டேன். ஆனால் வெள்ளைக்காரர் காதில் டவுட் என்றால் பெரும்பாலும் இரண்டாவது அர்த்தம்தான், அதாவது நம்பவில்லை என்பது. ‘ஐ ஹேவ் எ கொஸ்டின் அபவுட் த ரிப்போர்ட்’ என்று எழுதியிருந்தால் பிரச்சினையே வந்திருக்காது.
அப்புறம், மேனேஜர் வெளியூர் போயிருந்தால் ‘அவுட் ஆஃப் ஸ்டேஷன்’ என்று எழுதாதீர்கள், எந்த ஸ்டேஷன் என்று கேட்பார்கள். கிழக்கிந்தியக் கம்பெனி ஆட்சியில் அதிகாரிகளும் பட்டாளமும் தங்கிய ஊருக்கு ஸ்டேஷன் என்று பெயர், ஹில் ஸ்டேஷன் என்பதும் அப்படி வந்ததுதான். பாராமகால் என்று அன்று பெயர் பெற்றிருந்த நம் பகுதி 1792இல் கம்பெனி கைக்குப் போய், தாமஸ் மன்றோ இங்கே வரிக்கணக்கு எழுதிய காலத்து ஆங்கிலம் அது. அவர்கள் விட்டுவிட்டார்கள், நாம் இன்னும் வைத்திருக்கிறோம்.

ஓசூர் ஷிப்ட்:
சிக் என்றால் அங்கே இளவட்டங்கள் பேச்சில் ‘செம’ என்று அர்த்தம் ப்ரோ, தோப்பைப் பாராட்டியிருக்கிறார். சந்தோஷமாகத் தேங்க்ஸ் சொல்லியிருக்கலாம். ஆனால் எங்கள் சிப்காட் பக்கம் ‘சிக் யூனிட்’ என்றால் வயிற்றைக் கலக்கும், நலிந்த ஆலைகளுக்கு அதுதான் பெயர், 1985இல் அந்தப் பெயரிலேயே சட்டம் வந்தது, எங்கள் அப்பா காலத்து ஆட்கள் இன்னும் அந்த வார்த்தையைத் தணிந்த குரலில்தான் சொல்வார்கள். அதே மாதிரி ‘ஷட் அப்’ என்று அமெரிக்கக்காரர் கண்ணை விரித்துக்கொண்டு சொன்னால் ‘அட, நிஜமாவா’ என்று அர்த்தம். குரலைக் கவனியுங்கள், பாதி விஷயம் அதில் தெரிந்துவிடும். ‘பாஸ்ட் அவுட் இன் 2019’ என்று ரெஸ்யூமில் போடாதீர்கள், மயங்கி விழுந்ததாகப் படிப்பார்கள். கிராஜுவேட்டட் என்று போடுங்கள்.

காவேரிப்பட்டணம் அக்கா:
ஹோம்லி! என் நாத்தனார் பெண்ணுக்கு வரன் பார்த்தபோது அமெரிக்காவிலேயே பிறந்து வளர்ந்த பையன் ஒருவனுக்கு ‘ஹோம்லி கேர்ள்’ என்று புரொஃபைல் அனுப்பினோம். குடும்பப் பாங்கான பெண் என்று நாம் நினைக்க, அங்கே அதற்கு லட்சணமில்லாத பெண் என்று அர்த்தமாம். அந்தப் பையனே போனில் தயங்கித் தயங்கிச் சொன்னான். அவள் எவ்வளவு லட்சணமான பெண், எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை. தயவுசெய்து யாரும் அந்த வார்த்தையை அந்த ஊருக்கு அனுப்ப வேண்டாம்.

பாலக்கோடு வாசகன்:
எல்லாவற்றையும் மாற்றச் சொல்வது எனக்குச் சரியாகப் படவில்லை. மெயிலுக்குச் சரி, டீச்சர் சொன்னபடி செய்யுங்கள். ஆனால் கடையில் ‘ஒரு கவர் கொடுங்க’ என்றால் பை வருகிறது, ‘கரண்ட் போச்சு’ என்றால் ஊருக்கே புரிகிறது, பரீட்சையில் கோட்டை விட்டவனிடம் ‘பல்பு வாங்கிட்டியா’ என்று கேட்க இதைவிட நல்ல வார்த்தை எங்கே இருக்கிறது? இவையெல்லாம் இப்போது நம் சொற்கள். தேதியை முன்னுக்குக் கொண்டுவருவதற்கு இங்கே புழங்கும் ‘பிரிபோன்’ என்பதை ஆக்ஸ்ஃபோர்டு அகராதியே சேர்த்துக்கொண்டது. டவுட்டும் ஒருநாள் அப்படி உள்ளே போகும்.

மாங்கூழ் ஆபீஸ்:
எல்லோருக்கும் ரொம்ப நன்றி. டீச்சர் சொன்ன மாதிரியே கொஸ்டின் என்று மாற்றி, ‘எங்கள் ஊரில் டவுட் என்றால் கேள்வி என்றுதான் பொருள், உங்கள் லேபைக் குறை சொல்லவில்லை’ என்று ஒரு வரியும் சேர்த்து அனுப்பினேன். இன்று காலை பதில் வந்தது. 25 டிகிரியில் அளந்து, 20 டிகிரிக்கு உரிய திருத்தத்தைப் போடாமல் விட்டிருக்கிறார்கள். மறுபடி பார்த்துச் சொல்கிறார்களாம்.