சல்கேட்டா ஆமைக்கு என்ன கொடுக்கலாம், எதைக் கொடுக்கவே கூடாது?

கொல்லைப்புறம் (மதுரை) கேட்டது:

எல்லோருக்கும் வணக்கம். மச்சான் வேலைக்காக மஸ்கட் போய்விட்டதால் அவர் வளர்த்த சல்கேட்டா ஆமை இப்போது எங்கள் வீட்டில் இருக்கிறது. ஓடு ஒரு சாண் நீளம் இருக்கும். வெளிநாட்டு விலங்கு வளர்ப்பவர்கள் பதிவு செய்யும் மத்திய அரசின் பரிவேஷ் தளத்தில் அவர் பெயரில் பதிவு இருக்கிறது. பிரச்சினை சாப்பாடுதான். அங்கே வெள்ளரிக்காய், தக்காளி, கேரட், வாழைப்பழம் என்றே பழகியிருக்கிறது, இங்கே வந்தபிறகு அம்மா சமையலுக்கு ஆயும் தண்டுக்கீரையிலும் பசலையிலும் ஒரு கை தினமும் போடுகிறார், நேற்று அரை இட்லி கூட போட்டதைப் பார்த்தேன். கழிவு தண்ணியாகப் போகிறது. புல் வைத்தால் முகர்ந்து பார்த்துவிட்டுத் திரும்பிக்கொள்கிறது.

இணையத்தில் தேடினால் எல்லாப் பட்டியலும் டேன்டிலயன், க்ளோவர் என்று ஐரோப்பிய ஊர்ச் செடிகளாகவே வருகிறது. மதுரையில் நான் அதற்கு எங்கே போவேன்? நம் ஊரில் கிடைக்கும் செடி, கீரை பெயரில் யாராவது சொல்லுங்கள். வீட்டுக் கொல்லையில் செம்பருத்தி, முருங்கை, அரளி, ஒரு வாழை, ஓரத்தில் சேம்பு எல்லாம் இருக்கிறது. ஆமையை அங்கே நடமாட விடலாமா?

---

அருகம்புல் எழுதியது:

சகோ, முதலில் அந்த அரளி. இன்றைக்கே வேலி போட்டு அடையுங்கள், முடிந்தால் வெட்டி எடுத்துவிடுங்கள். இலை, பூ, குச்சி, காய்ந்து விழுந்த சருகு எல்லாமே இதயத்தை நிறுத்தும் விஷம். மஞ்சள் பூ பூக்கும் பொன்னரளியும் அப்படியே. ஆமை விஷச்செடியைத் தானே ஒதுக்கிவிடும் என்று சொல்பவர்களை நம்பாதீர்கள், சல்கேட்டா நம் ஊர் விலங்கே இல்லை, ஆப்பிரிக்காவில் செனகல் பக்கமிருந்து சூடான், எத்தியோப்பியா வரை சகாராவுக்குத் தெற்கே இருக்கும் வறண்ட நிலத்தது. அதற்கு நம் அரளியையும் ஊமத்தையையும் எப்படித் தெரியும்? எருக்கு, ஆமணக்கு, குன்றிமணி, உண்ணிச்செடி இவையும் வேலிக்கு அந்தப் பக்கம் இருக்கட்டும். சேம்பு இலை வாயையும் தொண்டையையும் அரித்து வீங்க வைக்கும், வீட்டுக்குள் வைக்கும் மணி பிளாண்ட், டிஃபன்பேக்கியா எல்லாம் அதே குணம்.

இனி சாப்பாடு. இது மேய்கிற விலங்கு. தட்டில் பத்தில் எட்டுப் பங்கு புல்லாக இருக்க வேண்டும், காய்கறி தொட்டுக்கொள்ள மட்டும்தான். அதன் பெருங்குடலில் நார்ச்சத்தைப் புளிக்க வைத்துச் செரிக்கிற நுண்ணுயிர்கள் இருக்கின்றன, வாழைப்பழம், தக்காளி, கேரட் என்று சர்க்கரை உள்ளதாகவே போட்டால் அந்தக் கூட்டம் நிலைகுலைந்து கழிவு தண்ணியாகும், குடற்புழுவும் சேர்ந்துகொள்ளும். இட்லி, சோறு, ரொட்டி, பால், நாய்க்குப் போடும் உணவு எதுவுமே வேண்டாம். அம்மாவிடம் மெதுவாகச் சொல்லுங்கள், வாஞ்சையாகப் போடுவதுதான், ஆனால் ஆமைக்கு அது சேராது.

என்ன கொடுக்கலாம்? அருகம்புல்தான் முதல். பூஜைக்கு விற்கிற கட்டு வேண்டாம், எங்கே வளர்ந்தது, என்ன மருந்து அடித்தார்கள் என்று தெரியாது. தொட்டியில் நாமே வளர்க்கலாம், அது வளர எதுவுமே கேட்காது. அப்புறம் செம்பருத்தி, இலை பூ இரண்டுமே. பூவை வைத்துப் பாருங்கள், தூரத்திலிருந்தே கழுத்தை நீட்டிக்கொண்டு வரும், கடித்து இழுக்கும்போது மகரந்தம் மூக்கில் ஒட்டி மஞ்சளாக நிற்கும். முசுக்கொட்டை இலை நல்லது. துத்தி இலை, அதுதான் தரிசில் மஞ்சள் பூவோடு நிற்குமே, அதுவும் செம்பருத்திக் குடும்பம்தான், கொடுக்கலாம். வாழை இலையைக் கிழித்துப் போடலாம், பழம் மட்டும் வேண்டாம். முருங்கைக்கீரையில் கால்சியம் நிறைய, 100 கிராமில் 300 மில்லிகிராமுக்கும் மேல், ஆனால் புரதமும் அதிகம் என்பதால் வாரத்தில் ஓரிரு முறை ஒரு கொத்து போதும். அகத்தியும் அதே கணக்கு. சப்பாத்திக்கள்ளி கிடைத்தால் விடாதீர்கள்.

கோஸ், காலிஃபிளவர் எப்போதாவது ஒரு இலை பரவாயில்லை, தினசரி வேண்டாம், தைராய்டுக்கு ஆகாது, கடையில் வாங்குவதில் பூச்சிமருந்து வேறு. வெங்காயம், பூண்டு, அவகாடோ, உருளை மற்றும் தக்காளிச் செடியின் இலை, மணத்தக்காளிக் கீரை இவற்றை மொத்தமாக ஒதுக்குங்கள்.

---

கால்நடை மாணவன் எழுதியது:

மேலே சொன்னது சரி. தண்டுக்கீரை, பசலை விஷயத்தை மட்டும் கொஞ்சம் விளக்குகிறேன், நிறைய பேர் "கீரைதானே, சத்துதானே" என்று இதில்தான் ஏமாறுகிறார்கள். இவற்றில் ஆக்சலேட் அதிகம். அது கால்சியத்தைப் பிடித்துக்கொண்டு உடம்பில் சேர விடாது. ஒரு நாள் தின்றால் ஒன்றும் ஆகாது, தினமும் அதுவே உணவென்றால் ஆபத்து. வளர்கிற ஆமைக்கு உணவில் பாஸ்பரஸைவிடக் கால்சியம் குறைந்தது இரண்டு மடங்கு இருக்க வேண்டும். வாழைப்பழத்தில் கணக்கு தலைகீழ், பாஸ்பரஸ்தான் பல மடங்கு. இப்படியே போனால் ஓடு மெத்தென்று ஆகும், தாடை வளையும், கால் ஊன்றி உடம்பைத் தூக்க முடியாமல் வயிற்றைத் தேய்த்துக்கொண்டு நகரும்.

கால்சியத்துக்கு நாட்டு மருந்துக் கடையில் கடல்நுரை என்று கேளுங்கள், கணவாய் மீனின் உள் ஓடு, வெள்ளையாக லேசாக இருக்கும். அப்படியே ஒரு துண்டு போட்டு வையுங்கள், தேவைப்படும்போது தானே கொறிக்கும். ஆனால் வெயில் இல்லாமல் எவ்வளவு கால்சியம் கொடுத்தும் பயனில்லை. தோலில் புற ஊதா பி கதிர் பட்டால்தான் வைட்டமின் டி3 உருவாகும், அந்தக் கதிர் ஜன்னல் கண்ணாடியைத் தாண்டி வராது. காலை வெயிலில் வெளியே விடுங்கள், பக்கத்திலேயே நிழல் கட்டாயம் இருக்கட்டும், மதுரை வெயிலில் நிழலில்லாத ஆமை வெந்தே போகும்.

தண்ணீரையும் மறக்காதீர்கள். பாலைவன விலங்கு, தண்ணீர் வேண்டாம் என்பது தவறு. அகலமான தட்டில் தாடை மூழ்காத அளவுக்கு வெதுவெதுப்பான தண்ணீர் ஊற்றிக் கால் மணி நேரம் உட்கார வையுங்கள். சிறுநீரோடு வெள்ளையாகக் களிம்பு மாதிரி வந்தால் பயப்பட வேண்டாம், அது யூரேட் என்கிற சாதாரணக் கழிவு உப்பு. மணல் போல நறநறவென்று வந்தால் உடம்பில் தண்ணீர் போதவில்லை, விட்டால் சிறுநீர்ப்பையில் கல் கட்டிவிடும். ஓடு மேடு மேடாகக் கூம்பிப் போவதற்குப் புரதத்தை மட்டும் குறை சொல்வார்கள், வியன்னாவில் சல்கேட்டா குஞ்சுகளை வைத்துச் செய்து 2003-ல் வெளியான ஆய்வில் அதைவிட ஈரப்பதக் குறைவுதான் பெரிய காரணமாகத் தெரிந்தது.

கடைசியாக, தயவுசெய்து இதை எல்லோரும் மனதில் வையுங்கள். கழிவு தண்ணியாகப் போகிறது என்று மருந்துக் கடையில் பூச்சி மருந்து வாங்கி நீங்களே கொடுக்காதீர்கள். நாய்க்கும் மாட்டுக்கும் சாதாரணமாகப் போடும் ஐவர்மெக்டின் ஆமையைக் கொன்றுவிடும். மருத்துவரிடம் போனாலும் ஊசி போடும் முன் என்ன மருந்து என்று வாய்விட்டுக் கேளுங்கள், கேட்பதில் தப்பே இல்லை. கழிவைக் கொண்டுபோய்ப் பரிசோதித்த பிறகுதான் மருந்து.

---

மொட்டைமாடி எழுதியது:

நல்ல தகவல்கள். நட்சத்திர ஆமைக்கும் இதே சாப்பாடுதானா? தெரிந்தவர் ஒருவர் குஞ்சு ஒன்று தருவதாகச் சொல்கிறார், வீட்டுக்கு ராசி என்கிறார்.

---

அருகம்புல் எழுதியது:

வாங்காதீர்கள் சகோ. நட்சத்திர ஆமை நம் காட்டு விலங்கு, 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி வீட்டில் வைப்பதே குற்றம், ஜெயில் வரை போகும். கடத்தல் அவ்வளவு நடப்பதால்தான் 2019-ல் உலக அளவிலும் அதன் வணிகத்தைத் தடை செய்யும் முதல் பட்டியலில் சேர்த்தார்கள். முட்புதரில் மேய வேண்டிய குஞ்சைச் சாக்கில் கட்டிக் கொண்டுவந்து ராசி என்று விற்கிறார்கள், எனக்கு நினைத்தாலே கோபம் வருகிறது. ஏற்கெனவே யாரிடமாவது இருந்தால் கண்ட இடத்தில் விடாமல் வனத்துறைக்குச் சொல்லுங்கள்.

கேள்வி கேட்ட சகோவுக்கும் ஒன்று: பதிவு மச்சான் பெயரில் இருப்பது மட்டும் போதாது, ஆமை கைமாறினால் அதையும் பரிவேஷில் தெரிவிக்க வேண்டும்.

---

கொல்லைப்புறம் எழுதியது:

ரொம்ப நன்றி. அரளியை இன்று மாலையே வெட்டிவிடச் சொல்லிவிட்டேன், பதிவைப் பற்றி மச்சானிடமும் பேசுகிறேன். இரண்டு சந்தேகம். புல்லையே தொடாத ஆமையைப் புல்லுக்கு எப்படி மாற்றுவது, பட்டினி போட பயமாக இருக்கிறது. அப்புறம் சித்திரை வெயிலில் புல் எல்லாம் கருகிவிடுமே, அப்போது என்ன செய்வது?

---

அருகம்புல் எழுதியது:

பட்டினி போட வேண்டாம். புல்லைக் கத்தரிக்கோலால் பொடிப்பொடியாக நறுக்கி, வெள்ளரிக்காயைத் துருவி, இரண்டையும் கையால் பிசைந்து வையுங்கள். வெள்ளரியை மட்டும் பொறுக்கித் தின்ன முடியாத அளவுக்குக் கலந்திருக்க வேண்டும். வாரா வாரம் வெள்ளரியைக் குறைத்துப் புல்லைக் கூட்டுங்கள், மேலே செம்பருத்தி இதழைக் கிள்ளிப் போடுங்கள். காலையில் வெயில் காய்ந்து உடம்பு சூடான பிறகு வையுங்கள், குளிர்ந்த உடம்போடு ஆமை சாப்பிடாது, சாப்பிட்டாலும் செரிக்காது. முகத்தைத் திருப்பினால் தட்டை எடுத்துவிட்டு மறுநாள் திரும்ப வையுங்கள், உடனே தக்காளியை எடுத்து நீட்டினால் அது காத்திருந்து சாதிக்கப் பழகிவிடும். தெம்பாக நடமாடுகிற ஆமை இரண்டொரு நாள் குறைவாகத் தின்பதால் ஒன்றும் ஆகாது. ஆனால் கண்ணை மூடியே கிடந்தால், மூக்கில் குமிழ் விட்டால், காத்திருக்காமல் மருத்துவரிடம் கொண்டுபோங்கள்.

கோடைக்கு, மழை முடிந்து புல் தளதளவென்று இருக்கும்போதே அறுத்து நிழலில் உலர்த்திப் பழைய பருத்திப் பையில் கட்டி வையுங்கள், பாலித்தீன் வேண்டாம், பூஞ்சை பிடித்தால் மொத்தத்தையும் தூக்கிப் போட வேண்டும். கொடுக்கும்போது தண்ணீர் தெளித்தால் போதும். முயலுக்கென்று விற்கும் டிமோத்தி உலர்புல்லும் நல்லதுதான், விலைதான் அதிகம். வைக்கோலை நம்பாதீர்கள், அதில் சத்தில்லை.

சப்பாத்திக்கள்ளியை இடுக்கியால் பிடித்து அடுப்பில் வாட்டி முள்ளை எரித்துவிடுங்கள், பெரிய முள் போய்விட்டாலும் கண்ணில் படாத பூமுள் கொத்துக் கொத்தாக நிற்கும், அது கருகி உதிரும் வரை திருப்பித் திருப்பி வாட்ட வேண்டும். ஆறியதும் விரல் நீளத்துக்கு நறுக்கி வையுங்கள். தண்ணீர் தேங்காத நிலத்தில் மடலை ஒடித்து ஊன்றினால் பிடித்துக்கொள்ளும், அரளியை எடுத்த இடத்திலேயே நடலாம், வேரைத் தோண்டி எடுத்து விழுந்த இலையைக் கூட்டிய பிறகு.