வாழைப்பழ பார்: எந்தப் பழம், என்ன ஃப்ராஸ்டிங்? செஞ்சு பார்த்தவங்க சொல்லுங்க

மடிப்பாக்கம் அடுப்படி:

வாழைப்பழ பிரெட் எல்லாருக்கும் பழகிப்போச்சு. 2020 லாக்டவுன்ல தெருவுக்கு நாலு வீட்ல அந்த வாசனைதான். நான் கேக்குறது அமெரிக்காவுல பெரிய தட்டுல பரப்பிச் சுட்டு, மேல கிரீம் சீஸ் ஃப்ராஸ்டிங் தடவி, சதுரம் சதுரமா வெட்டி வைப்பாங்களே, அந்த பார். பிரெட் மாதிரி உயரமா இருக்காது, முக்கால் அங்குலத்துக்குக் கொஞ்சம் மேல இருந்தா அதிகம். நியூ ஜெர்சில நாத்தனார் வீட்ல சாப்பிட்டேன், அங்கேயே அளவையும் எழுதி வாங்கிட்டு வந்தேன்.

அவங்க அளவு 10க்கு 15 அங்குலத் தட்டுக்கு. நம்ம ஓடிஜிக்குள்ள (கேக் சுடுற சின்ன மின்சார அடுப்பு) அந்தத் தட்டு நுழையவே நுழையாது. சரிபாதியாக்கினா 9 அங்குலச் சதுர டின்னுக்குக் கணக்கா வருது. மைதா 125 கிராம், சர்க்கரை 120 (அவங்க 150 போடுறாங்க, நமக்குத் திகட்டும்), உப்பில்லாத பட்டர் 55, முட்டை ஒண்ணு, மசிச்ச பழம் 120 கிராம், சமையல் சோடா அரை டீஸ்பூன், வெனிலா கொஞ்சம், உப்பு ஒரு சிட்டிகை. சோர் கிரீமுக்குப் பதிலா ராத்திரி துணில கட்டித் தொங்கவிட்ட தயிர் 120 கிராம். 175 டிகிரில 20 நிமிஷத்துல இருந்தே எட்டிப் பார்க்கணும். எங்க வீட்டு அடுப்புல 23ல எடுத்துடுவேன்.

ஈரம் வேணும்னா பழத்தைக் கூட்டுன்னுதான் எல்லாரும் சொல்றாங்க. என் அனுபவத்துல அது சரிப்படலை. பழம் கூடினா நடுவுல களி மாதிரி ஒரு படலம் நிக்குது, பல்லுல ஒட்டுது. ஈரப்பதம் தயிர்லயும் பட்டர்லயும்தான் இருக்கு. பழம் வாசனைக்கும் இனிப்புக்கும். சோடா வேலை செய்யவும் அந்தத் தயிரோட புளிப்பு வேணும். பழத்துலயும் புளிப்பு உண்டு, ஆனா அதை மட்டும் நம்பினா சோடா மிச்சமாகி சோப்பு வாடை அடிக்கும்.

நீங்க எந்தப் பழம் போடுறீங்க? சென்னை வெயில்ல ஃப்ராஸ்டிங் நிக்குதா?

தேனித் தோட்டம்:

பழத்தைப் பத்திப் பேச எனக்கு உரிமை உண்டு அக்கா, எங்க வீட்டுக்குப் பின்னாடியே வாழைதான். அமெரிக்க அளவுல 'பழம்'னு எழுதியிருந்தா அது கேவண்டிஷ். நம்ம ஊர்ல அதே குடும்பம்தான் ரோபஸ்டா, இங்க ஏக்கர் கணக்குல போடுற ஜி-9. அதனால அளவு மாத்தாம செய்யணும்னா பச்சைப்பழம்னு கடைல தொங்குதே, அதை வாங்கி நல்லாக் கனிய விடுங்க. தோல்ல பாதிக்கு மேல கறுத்திருக்கணும். மஞ்சளா, பளபளன்னு இருக்கிற பழத்துல மாவுச்சத்து முழுசா இனிப்பா மாறியிருக்காது. கேக்ல அது சப்புன்னு இருக்கும்.

பூவன்ல செஞ்சா லேசாப் புளிப்பு தூக்கும். கிரீம் சீஸுக்கு அது பொருத்தம்னுதான் நான் சொல்வேன். ஒரு பழம் சின்னது, அதனால எண்ணிக்கையைப் பார்க்காதீங்க, தராசுல வைங்க. ரஸ்தாளி எனக்குப் பிடிச்ச பழம், ஆனா சூடு பட்டா அந்த வாசனை போயிடுது. கையில வச்சுச் சாப்பிட வேண்டியதை அடுப்புல வச்சு வீணாக்காதீங்க. நேந்திரம் வேணாம். அது மசியாது, திப்பி திப்பியா நிக்கும், சிப்ஸுக்குத்தான் லாயக்கு. சிறுமலைப் பழம் கிடைச்சா ஒரு தடவை போட்டுப் பாருங்க, மணம் வேற மாதிரி. விலையும் வேற மாதிரிதான்.

கடைல ஒரே ராத்திரில மஞ்சளாக்கின பழம்னா ரெண்டு நாள் வீட்ல வச்சு, புள்ளி விழுந்த பிறகு எடுங்க. கார்பைடு கல் வச்சுப் பழுக்கவைக்கக் கூடாதுன்னு சட்டம் இருக்கு, இருந்தாலும் எல்லாரும் கேக்குறாங்களா?

ஸ்கார்பரோ:

இஞ்ச கனடாவில பழம் எல்லா இடமும் ஒண்டுதான், தெரிவே இல்லை. ஊரில எண்டால், யாழ்ப்பாணத்தில நீர்வேலிப் பக்கம் கதலி, இதரை எண்டு குலை குலையாத் தொங்கும். இஞ்ச கறுத்துப் போறதை பிள்ளையள் தொடமாட்டினம். நான் தோலை உரிச்சு பிரீசருக்குள்ள போட்டு வைக்கிறனான், செய்யிறதுக்கு முதல்நாள் எடுத்து கீழ வைப்பன். அப்ப கனக்கத் தண்ணி விடும். அந்தத் தண்ணியை ஊத்திப் போடாதையுங்கோ. சின்னச் சட்டியில வத்த விட்டு, பாணி (பாகு) மாதிரி வந்தவுடன பழத்தோட திருப்பிச் சேருங்கோ. வாசம் ரெண்டு மடங்கு.

பேக்கிங் பவுடர் போடாமல் சோடா மட்டும் போட்டது சரி. சோடாதான் மேல அந்த மண்ணிற நிறத்தைத் தாறது. மா போட்ட பிறகு கன நேரம் அடிக்கக் கூடாது, அகப்பையால மடிச்சால் காணும். அடிச்சால் ரப்பர்.

கண்ணாடித் தட்டில சுடுறவை சூட்டை ஒரு 15 டிகிரி குறையுங்கோ. கண்ணாடி கரையைக் கெதியாக் காய வைச்சுப் போடும், நடு அப்பவும் பச்சையா இருக்கும். அலுமினியத் தட்டு எண்டால் பிரச்சினை இல்லை.

பிள்ளையளின்ர பள்ளிக்கூடத்துக்குக் கொண்டு போறதெண்டால் வால்நட் போடாதையுங்கோ. இஞ்ச கன பள்ளிக்கூடங்களில நட்ஸ் விடமாட்டினம்.

திருச்சி அப்பா:

இத்தனை வேலை செஞ்சு ஒரு வாழைப்பழத்தைச் சாப்பிடணுமா? எங்கம்மா பழத்தோட வெல்லமும் ஏலக்காயும் சேர்த்துப் பிசைஞ்சு குழிப்பணியாரம் சுட்டுக் கொடுப்பாங்க, கால் மணி நேர வேலை. (என் மகள் சண்டை போடுவா, அதனால நானும் கத்துக்கிட்டுத்தான் இருக்கேன். ஏலக்காய் ரெண்டு தட்டி இதுல போட்டேன், இலவங்கப்பட்டையைவிட நம்ம வாய்க்கு அதுதான் ஒத்துவருது.)

கோவை கேக்கம்மா:

வீட்ல செஞ்சு ஆர்டருக்குக் கொடுக்கிறேனுங்க, அதனால ஃப்ராஸ்டிங் பத்தி மட்டும் சொல்றேன். இதுலதாங்க நம்ம ஊருக்கும் அமெரிக்காவுக்கும் வித்தியாசமே.

அங்க அவங்க வாங்குறது கட்டியா இருக்கிற கிரீம் சீஸ். நம்ம சூப்பர் மார்க்கெட்ல பெரும்பாலும் டப்பாவுல வர்றது பிரெட்ல தடவுற வகைங்க, தண்ணி அதிகம். அதை அப்படியே ஐசிங் சுகர்ல போட்டு அடிச்சா, சர்க்கரை அந்தத் தண்ணியை இழுத்துக்கிட்டுக் கஞ்சியாயிடும். உடனே எல்லாரும் இன்னும் சர்க்கரையைக் கொட்டுவாங்க. கெட்டியாகாதுங்க, தித்திப்புத்தான் ஏறும். நான் டப்பா சீஸை மஸ்லின் துணில கட்டி ஃப்ரிட்ஜுக்குள்ளயே ராத்திரி வடிய விடுவேன். மறுநாள் முதல்ல பட்டரையும் ஐசிங் சுகரையும் மட்டும் வெளுத்து வர்ற வரைக்கும் அடிக்கணும். கடைசியா ஜில்லுனு இருக்கிற சீஸைப் போட்டு, ஒண்ணு சேர்ந்ததும் நிறுத்திடணும். 115 கிராம் சீஸுக்கு பட்டர் 55, சர்க்கரை 130. மஞ்சளா வர்ற உப்பு பட்டர் வேண்டாமுங்க, நிறமும் கெடும், உப்பும் கரிக்கும்.

பார் முழுசா ஆறணும். 'தொட்டா ஆறின மாதிரித்தான் இருக்கு'ன்னா பத்தாது, டின்னோட அடியைத் தொட்டுப் பாருங்க. பட்டர் 32, 33 டிகிரிக்கே இளகிடும், மே மாசத்துல நம்ம சமையலறையே அதைவிடச் சூடு.

இன்னொண்ணு. கிரீம் சீஸ் தடவினதை வெளில ரெண்டு மணி நேரத்துக்கு மேல வைக்காதீங்க. வெளில 32 டிகிரி தாண்டினா ஒரு மணி நேரம்தான். பிறந்த நாள் ஹால்ல சாயங்காலம் வரைக்கும் மேஜைமேல இருக்கணும்னு யாராவது கேட்டா இந்த ஆர்டரை நான் எடுக்கிறதே இல்லைங்க.

மயிலை சைவம்:

எங்காத்துல முட்டை கிடையாது, கிரீம் சீஸும் மாமியாருக்கு ஆகாது. அதனால ரெண்டையும் மாத்தியாச்சு.

முட்டைக்குப் பதிலா இன்னும் ஒரு பழம் போடுன்னு எல்லாரும் சொல்றா. முதல் பதிவுல சொன்ன களி அப்பத்தான் வரும். நான் பழத்தைக் கூட்டறதில்லை. தயிரோட மூணு டேபிள்ஸ்பூன் பால், ஒரு டீஸ்பூன் வினிகர், அவ்வளவுதான். கொஞ்சம் அடக்கமா வரும், பஞ்சு மாதிரி எதிர்பார்க்காதேங்கோ. மறுநாள்தான் ருசி.

மேல தடவறதுக்கு மைதாக் கூழ். சிரிக்காதேங்கோ, அமெரிக்காவுல இது பழைய முறைதான், எர்மின்னு பேர். கால் கப் பாலுக்கு ஒரு டேபிள்ஸ்பூன் மைதா, 50 கிராம் சர்க்கரை, கட்டியில்லாம கரைச்சு, பசை பதம் வர்ற வரைக்கும் கிண்டணும். மேல ஏடு படியாம தாளை ஒட்டி மூடி, நன்னா ஆறவிட்டு, அப்புறம் 60 கிராம் மெத்துன்னு இருக்கற பட்டர்ல கொஞ்சம் கொஞ்சமாச் சேர்த்து அடிச்சா மேகமாட்டம் வரது. தித்திப்பும் கம்மி. கூழ் துளி சூடா இருந்தாக்கூட பட்டர் உருகிடும், அதை மட்டும் பாத்துக்கோங்கோ.

மடிப்பாக்கம் அடுப்படி:

எல்லாருக்கும் நன்றி. தேனித் தங்கச்சி சொன்ன பூவன்ல இந்த வாரம் செஞ்சாச்சு. கிரீம் சீஸோட சேர்ந்து நல்லாவே இருக்கு, ஆனா தனியாச் சாப்பிட்டா எனக்கு ரோபஸ்டாதான். கோவை அக்கா, சீஸை வடியவிட்டதுல அடியில நின்ன தண்ணியைப் பார்த்து அசந்துட்டேன். அவ்வளவையும் காசு கொடுத்து வாங்கியிருக்கோம். ஸ்கார்பரோ அக்கா சொன்ன பாணியை மட்டும் இன்னும் செய்யலை, பிரீசர்ல பழம் சேரட்டும்னு இருக்கேன்.

தனிச்செய்தில ஒருத்தர் 8 அங்குல டின்தான் இருக்குன்னு கேட்டிருந்தாங்க. அதே அளவு போதும், கொஞ்சம் தடிமனா வரும், அஞ்சு நிமிஷம் சேர்த்து வைங்க. குச்சி விட்டுப் பார்க்கும்போது ரெண்டு மூணு ஈரத் துணுக்கு ஒட்டணும், மாவு ஒட்டக் கூடாது. சுத்தமா வர்ற வரைக்கும் காத்திருந்தா ஓரம் காஞ்சுடும். வெட்டும்போது தட்டை ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜ்ல வச்சுட்டு, கத்தியை வெந்நீர்ல முக்கித் துடைச்சுட்டு ஒவ்வொரு வெட்டா போடுங்க. இழுக்காதீங்க, மேலிருந்து நேரா அமுக்குங்க.

திருச்சி அண்ணா, அந்தப் பணியாரத்துக்கு அளவு போடுங்க. தனிப் பதிவாவே போடுங்க.